ஒதீலியாவின் முகமும் என் கையும்

ஒதீலியா செத்து மூன்று வாரமாகிறது. ஒன்பது நாள் ஜெபத்துக்கு வந்தவர்களெல்லாம் அவளைப் பற்றி உருகித் தள்ளிவிட்டார்கள். தங்கமான மனசு, சிரித்த முகம், கடிந்து ஒரு சொல் சொன்னதில்லை என்று ஆளுக்கொரு கதை. காப்பி ஊற்றிக் கொடுத்தபடி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தேனே தவிர நான் வாயைத் திறக்கவில்லை. இப்போது திறக்கிறேன். ஏனென்றால் எங்கள் குயவர் ஊரான சான் மார்சியாலில் அவளை என்னைப்போல் பார்த்தவர் யாரும் கிடையாது. பாசத்தோடு பார்த்தவர்கள் அவ்வப்போதுதான் பார்த்தார்கள். நான் பொறாமையோடு பார்த்தவள், ஒரு நாள் தவறியதில்லை.

அவள் என் ஓரகத்தி. என் புருஷன் கசிமீரோவின் தம்பி பெலிசாரியோ கட்டிக்கொண்டு வந்தவள். மண்ணைத் தொடாத ஊர்க்காரி; அவள் அப்பா கழுதைமேல் உப்பு ஏற்றிக்கொண்டு ஊர் ஊராக விற்றவர். பதினேழு வயதில் வந்தாள். ஒரே முற்றம், இரண்டு வீடு, நடுவில் பொதுவாக ஒரு சூளை. அப்போது எனக்கு இருபத்தைந்து வயது, இந்தப் பள்ளத்தாக்கிலேயே நல்ல மெஸ்கால் சாராயக் குடம் யாருடையது என்று கேட்டால் என் பெயரைத்தான் சொல்வார்கள். வந்த முதல் வாரமே என் நிம்மதி போயிற்று.

அவள் சுட்ட சோள ரொட்டி ஒவ்வொன்றும் உப்பிக்கொண்டு வரும். என்னுடையது பத்துக்கு ஆறு உப்பினால் அதிகம். என் கோழிகள் என் பக்கம் சோளத்தைத் தின்றுவிட்டு அவள் பக்கம் போய் முட்டையிடும். பதினோரு வருஷம் நான் வைத்த மோலேக் குழம்பைத் தின்று ஏப்பம் விட்டதோடு சரி, ஒரு வார்த்தை சொல்லாத மனுஷன் கசிமீரோ. அவள் ஒரு கிண்ணம் அவித்த அவரைக்கொட்டை கொண்டுவந்து வைத்தால் விரலை நக்கிக்கொண்டு, “உப்பு சரியா இருக்கு” என்பார். உப்பு வியாபாரி மகளுக்கு உப்பு சரியாக இல்லாமல் வேறென்ன இருக்கும்? ஊசியில் நூல் கோத்தால் முதல் தடவையிலேயே கோத்துவிடுவாள். அதைக்கூட நான் பார்த்து வைத்திருக்கிறேன். வயிறு எரிந்தது. வேறு மாதிரி சொல்ல எனக்குத் தெரியாது.

அவளுக்கு வராத ஒன்று இருந்தது. குடத்துக்குக் கழுத்து வைக்க வராது.

எங்கள் ஊரில் சக்கரம் கிடையாது. ஒரு மண் தட்டைக் கவிழ்த்துப் போட்டு, அதன் முதுகில் இன்னொரு தட்டை நிமிர்த்தி வைத்து, அதில் மண்ணை உட்காரவைப்போம். இடக்கை தட்டைச் சுற்றும், வலக்கை மண்ணை ஏற்றும். வயிறு வரைக்கும், தோள் வரைக்கும் யாரும் ஏற்றிவிடலாம். கழுத்து அப்படியல்ல. ஈரத் தோல்துண்டை விரல்களுக்கிடையில் மடித்துப் பிடித்து, மூச்சை அடக்கி, நிறுத்தாமல் இழுக்க வேண்டும். ஒதீலியா இழுத்தால் கழுத்து குடிகாரன் மாதிரி ஒரு பக்கம் சாயும். அதனால் தினமும் தோள்வரை ஏற்றிய குடங்களை ஈரத் துணியில் சுற்றிக்கொண்டு என்னிடம் வருவாள். “அக்கா, கழுத்து வச்சுக் குடுங்கக்கா.” நான் வைத்துக் கொடுப்பேன். கொஞ்சம் காக்கவைத்துத்தான் கொடுப்பேன். அந்த நாளில் எனக்கு மிஞ்சியிருந்த பெருமை அது ஒன்றுதான்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். மண்ணில் உட்காருமுன் எங்கள் ஊர்ப் பெண்கள் மோதிரத்தைக் கழற்றி ஒரு சுரைக்குடுக்கையில் போட்டுவிடுவோம். கல்யாணமான புதிதில் யாராவது மறந்து உட்கார்ந்தால் குடத்தின் கழுத்தைச் சுற்றி மோதிரம் ஒரு கோடு போட்டுவிடும். அதற்குப் ‘புதுப்பெண் கோடு’ என்று பெயர். அந்தக் குடம் சந்தைக்குப் போகாது. மாமியார் அதை முற்றத்து மரத்தில் கட்டிக் கோழி முட்டையிட விட்டுவிடுவாள், போகிறவர் வருகிறவரெல்லாம் பார்த்துச் சிரிப்பார்கள். ஒரு பெண்ணுக்கு அது வாழ்க்கையில் ஒரே ஒரு தடவைதான் நடக்கும். இரண்டாம் தடவை மறக்கிற அளவுக்கு யாருக்கும் மானம் கெட்டுப்போயிருக்காது.

ஒதீலியா வந்து ஒன்பதாவது வருஷம் சினிமாக்காரர் வந்தார்.

பெயர் அரிஸ்மெந்தி. தலைநகரத்தில் அரசாங்க ஆள். நாட்டில் கைத்தொழில் செய்கிறவர்களையெல்லாம் படம் பிடித்துவரச் சொல்லி அனுப்பியிருந்தார்கள். மூன்று கால் உள்ள ஒரு பெட்டி, பக்கத்தில் கைப்பிடி. ஊர்த் தலைவர், “நல்ல குடம் வேணும்னா ஃபிதேலா வீட்டுக்குத்தான் போகணும்” என்று முதல்நாளே அவரிடம் எங்கள் வீட்டைச் சொல்லிவைத்துவிட்டார். ஃபிதேலா என்றால் நான்தான்.

மறுநாள் விடியற்காலை எழுந்து தலைக்குக் குளித்தேன். துணிப்பெட்டியின் அடியிலிருந்து பூவேலை செய்த ரவிக்கையை எடுத்துப் போட்டுக்கொண்டேன். வஹாகா நகரத்தில் ஒரு தடவை கசிமீரோவோடு சினிமா பார்த்திருந்தேன். ஒரு பெண் அழுதாள், ரயில் வந்தது, அவ்வளவுதான் ஞாபகம். ஆனால் அந்தப் பெண் எங்கேயோ ஒரு ஊரில் என்றைக்கோ அழுதவள், இங்கே நாங்கள் பார்க்கிறபோதும் அழுதுகொண்டிருந்தாள். என் குடம் உடைந்துபோகும். நானும் போய்விடுவேன். அந்தப் பெட்டிக்குள் போய்விட்டால் நான் கழுத்து இழுக்கிறது அப்படியே இருக்கும். முப்பத்து நாலு வயதில் எனக்கு வேண்டியதெல்லாம் அதுதான். முந்தின ராத்திரி தூங்காமல் புரண்டேன் என்று சொல்ல எனக்கென்ன வெட்கம்.

அரிஸ்மெந்தி முற்றத்துக்குள் வந்தார். என் குடங்களைத் தட்டிப் பார்த்தார், மணிபோல் கேட்டது, தலையாட்டினார். அப்புறம் என்னைப் பார்த்தார். அப்புறம் என் தோளுக்கு மேலே பார்த்தார். ஒதீலியா சோளம் கழுவிய தண்ணீரைக் கொட்ட வெளியே வந்திருந்தாள். ஈரக்கை, கலைந்த தலை, கன்னத்தில் மாவு.

“அந்தம்மாவும் குடம் செய்வாங்களா?” என்று கேட்டார்.

“செய்வா, செய்வா” என்றார் என் புருஷன், நான் வாயைத் திறக்குமுன்.

“அப்ப அவங்களே உக்காரட்டும். வெளிச்சம் அந்த முகத்துல நல்லா விழும்.”

கசிமீரோ என் பக்கம் திரும்பாமலே, “நீ மண்ணு மிதிச்சுக் குடு ஃபிதேலா” என்றார்.

“மிதிக்கிறேன்” என்றேன். மண்ணைத்தான் மிதித்தேன், வேறு யாரையோ நினைத்துக்கொண்டு மிதித்தேன்.

திருவிழாவுக்கு உடுத்துகிற மாதிரி உடுத்திக்கொண்டு வரும்படி அவர் ஒதீலியாவிடம் சொன்னார். அவளும் தலைகால் புரியாமல் ஓடினாள். சிவப்பு ரவிக்கை, காதில் தொங்கட்டான், பின்னலில் ரிப்பன். ஊர்க்கூட்டம் வேலிக்கு அந்தப் பக்கம் நெருக்கியடித்தது. நிழல் விழுகிறது என்று அரிஸ்மெந்தி அவர்களை விரட்டிக் கதவைச் சாத்தச் சொன்னார். முற்றத்தில் நாங்கள் நாலு பேரும் அவரும்தான். வெயிலில் பாயைப் போட்டார்கள். ஒதீலியா மண்டியிட்டு உட்கார்ந்தாள். தட்டில் கை வைத்தாள். விரலில் மோதிரம் மின்னியது.

நான் பார்த்தேன். பக்கத்தில்தான் மண் உருண்டையோடு நின்றேன். “ஏண்டி, மோதிரம்” என்று இரண்டு சொல் சொல்லியிருந்தால் கழற்றியிருப்பாள். சொல்லவில்லை. ஆண்பிள்ளைகள் இரண்டு பேருக்கும் அது கண்ணில் படவில்லை. அவர்கள் பெட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். படம் வரட்டும், ஊர் பார்க்கட்டும், நாடே பார்க்கட்டும், மோதிரத்தோடு மண்ணில் உட்கார்ந்த உப்புக்காரி மகளை எல்லாக் குயத்திகளும் பார்த்துச் சிரிக்கட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். அன்று காலையிலிருந்து முதல் தடவையாக எனக்கு வயிறு குளிர்ந்தது.

அவர் கைப்பிடியைச் சுற்றினார், பெட்டி கடகடவென்றது. அவள் சுற்றினாள், ஏற்றினாள், நடுநடுவே நிமிர்ந்து சிரித்தாள். தோள்வரைக்கும் நன்றாகத்தான் வந்தது. கை நின்றது.

“மேல பண்ணுங்கம்மா” என்றார் அரிஸ்மெந்தி.

“கழுத்து எனக்கு வராதுங்கய்யா. அக்காதான் வைப்பாங்க.”

“சும்மா முயற்சி பண்ணுங்க.”

பண்ணினாள். சாய்ந்தது. வழித்தெடுத்துவிட்டு இன்னொரு தடவை பண்ணினாள், அதுவும் சாய்ந்தது. வெயிலில் குடத்தின் தோள் காய்ந்து வெளுக்கத் தொடங்கியது. அவர் சூரியனைப் பார்த்தார், தன் பெட்டியைப் பார்த்தார், கடைசியில் என்னைப் பார்த்தார்.

“நீங்க உக்காருங்கம்மா. கையை மட்டும் எடுத்துக்கறேன். பெட்டியைக் கிட்டக்க வச்சா முகம் தெரியாது. பாக்கறவங்களுக்கு ஒரே ஆளு மாதிரி இருக்கும். அந்தச் சிவப்பு ரவிக்கையைப் போட்டுக்குங்க.”

அவள் உடம்புச் சூடு ஆறாத ரவிக்கையை வாங்கி நான் போட்டுக்கொண்டேன். ஏன் போட்டுக்கொண்டாய் என்று கேட்பீர்கள். கையாவது பெட்டிக்குள் போகட்டும் என்றுதான். மண்டியிட்டேன். ஈரத்துணியால் குடத்தின் தோளை நனைத்து, தோல்துண்டை எடுத்தேன். அரிஸ்மெந்தி குனிந்து என் கையைப் பார்த்து, “இருங்க இருங்க” என்றார். “அவங்க மோதிரம் போட்டிருந்தாங்க. அதையும் போட்டுக்கணும்.”

“மோதிரத்தோட யாரும் மண்ணைத் தொடமாட்டோம் ஐயா” என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

“காலைல இருந்து அவங்க போட்டுக்கிட்டுத்தானே இருந்தாங்க? நீங்க பக்கத்துலயே நின்னீங்க. ஏன் சொல்லலை?”

ஒதீலியா தன் விரலைப் பார்த்தாள். அப்புறம் என்னைப் பார்த்தாள். கசிமீரோவும் பெலிசாரியோவும் பார்த்தார்கள். நான் குடத்தைப் பார்த்தேன்.

“மறுபடி முதல்லேருந்து எடுங்களேன்” என்றார் பெலிசாரியோ.

“படச்சுருள் இல்ல. இருக்கறது கழுத்துக்குத்தான் காணும்.”

ஒதீலியா மோதிரத்தைக் கழற்றி நீட்டினாள். என் விரல்கணு பருத்தது, உள்ளே போகவில்லை. மண்குழம்பைத் தடவித் திருகித் தள்ளினேன். வலித்தது. அனுபவி என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

கழுத்தை இழுத்தேன். என் வாழ்நாளில் இழுத்த நல்ல கழுத்துகளில் அது ஒன்று, சத்தியமாகச் சொல்கிறேன். ஆனால் தட்டு சுற்றச் சுற்ற, உதட்டுக்குக் கீழே மோதிரம் உரசி ஒரு கோடு விழுந்துகொண்டே வந்தது. விரலைத் தூக்கினால் கழுத்து ஆடும். கழுத்தா கோடா என்றால் நான் கழுத்தைத்தான் எடுப்பேன். எடுத்தேன். அரிஸ்மெந்தி பெட்டியை என் மூக்குக்கு அருகில் கொண்டுவந்து அந்தக் கோட்டையே பிடித்தார்.

“ரொம்ப அழகா இருக்கே. இந்த வேலைப்பாட்டுக்கு என்ன பேரு?” என்று கேட்டார்.

கசிமீரோ உதட்டை மடித்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டு, “புதுப்பெண் கோடுங்க ஐயா” என்றார். அரிஸ்மெந்தி அதை நோட்டில் எழுதிக்கொண்டார்.

அன்று மாலை மோதிரத்தைக் கழற்ற பன்றிக்கொழுப்பு தடவ வேண்டியிருந்தது. தடவிவிட்டவள் ஒதீலியாதான். “சொல்லியிருக்கலாமேக்கா” என்று ஒரே ஒரு தடவை சொன்னாள். நான், “கவனிக்கலை” என்றேன். இரண்டு பேரும் அதை நம்பவில்லை. மறுநாளும் தோள்வரை ஏற்றிய குடங்களைச் சுற்றிக்கொண்டு வந்து நின்றாள்.

அடுத்த வருஷம் பங்குத் திருவிழாவுக்கு லாரியில் படத்தைக் கொண்டுவந்தார்கள். பட்டப்பகல், பள்ளிக்கூடத்து ஜன்னல்களுக்கெல்லாம் பாயைக் கட்டி இருட்டாக்கி, சுவரில் வெள்ளைத் துணியைக் கட்டினார்கள். உள்ளே ஒரே வியர்வை நாற்றம். ஊரே உள்ளேதான். படம் ஓட மின்சாரம் வேண்டி வெளியே லாரி எஞ்சின் உறுமியது. முதலில் கூடை பின்னுகிற யாரோ வந்தார்கள், நெய்கிறவர்கள் வந்தார்கள். அப்புறம் ஒதீலியாவின் முகம் வந்தது, மாட்டுவண்டிச் சக்கரம் அளவுக்கு. கூரை பிய்ந்துகொள்கிற மாதிரி எல்லோரும் கத்தினார்கள். பெலிசாரியோ தொப்பியைத் தூக்கிப் போட்டார். அவள் திரையில் சிரித்தாள். எனக்கு முன்வரிசையில் உட்கார்ந்தும் சிரித்தாள். ஒரு ஆள் இரண்டு இடத்தில் சிரித்தால் நான் எங்கே போவேன்?

அப்புறம் கை வந்தது. என் கை. நான் மூச்சை அடக்கிக்கொண்டேன், தட்டின் முன் உட்கார்ந்திருப்பதுபோல.

சத்தம் நின்றது. இருப்பது குயவர் ஊர். முகம் வந்தால் கத்துவார்கள், கழுத்து வந்தால் பார்ப்பார்கள். திரையில் எழுத்து வந்தபோது வாத்தியார் உரக்கப் படித்தார்: “குயத்தி, தன் முன்னோர் வழிவந்த புதுப்பெண் கோட்டினால் குடத்தை அலங்கரிக்கிறாள்.”

ஒரு நிமிஷம் யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. புரிந்ததும் அந்த அறை வெடித்தது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு, பக்கத்தில் இருப்பவர் முதுகில் அடித்துக்கொண்டு சிரித்தார்கள். எதிர்வீட்டு மகாரியா கண்ணைத் துடைத்துக்கொண்டே, “யாருடி அது, மோதிரத்தைப் போட்டுக்கிட்டு மண்ணுல கைய வச்சது? நாடு முழுக்கப் போயிருக்குமே நம்ம மானம்” என்றாள்.

முற்றத்துக் கதவு சாத்தியிருந்ததால் அது யார் கை என்று ஊருக்குத் தெரியாது. அவள் குடங்களுக்கு நான் கழுத்து வைக்கிற விஷயமும் எங்கள் முற்றத்தைத் தாண்டிப் போனதில்லை. ஒதீலியா எழுந்து நின்றாள்.

“என் கைதான். மறந்துட்டேன். அதுக்கென்ன இப்ப?” என்று அவளும் சேர்ந்து சிரித்தாள்.

அவ்வளவுதான், யாருக்கும் கோபமில்லை. ஒதீலியா அல்லவா? வெளியூர்ப் பெண், மறந்திருப்பாள், பாவம். கசிமீரோ என் முழங்கையை அழுத்தி, “தப்பிச்சே. கம்முனு இரு” என்று காதோடு சொன்னார். இருந்துவிடலாம் என்றுதான் நினைத்தேன். வாழ்நாளில் முதல்முறையாக அவளுக்கு நன்றிகூடச் சொல்லத் தோன்றியது.

அந்த மகாரியா அதோடு விட்டாளா? திரையை உற்றுப் பார்த்துக்கொண்டு, “கோடு கிடக்கட்டும். கழுத்தைப் பாருங்கடி. ஒரு நெளிவு இல்ல. ஒதீலியாவுக்கு இவ்வளவு நல்லா வருமா? நாம ஃபிதேலா ஃபிதேலான்னு தலையில தூக்கி வச்சுக்கிட்டு இருந்தோமே” என்றாள்.

ஒதீலியா இல்லை என்று சொல்லவில்லை. உட்கார்ந்துகொண்டாள்.

நான் எழுந்துவிட்டேன். யோசித்து எழவில்லை. “அது என் கை” என்றேன். யாரும் கேட்கவில்லை. பெஞ்சுமேல் ஏறி நின்று, “அது என் கை. ரவிக்கைதான் அவளோடது. கழுத்து நான் வச்சது. கோடும் நான் போட்டது” என்றேன்.

சிரிப்பு சட்டென்று நின்று, முன்னைவிட இரண்டு மடங்காகத் திரும்பி வந்தது. இந்தப் பள்ளத்தாக்கின் முதல் குயத்தி, முப்பத்தைந்து வயதில் புதுப்பெண் கோடு. இன்றைக்கும் சந்தையில் சில கிழவர்கள் என்னைப் ‘புதுப்பெண்’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். அன்று நான் படம் ஓட்டிக்கொண்டிருந்தவரிடம் போய், “திருப்பிப் போடுங்க” என்றேன். போட்டார். திரைக்குப் பக்கத்தில் போய் நின்று என் இரண்டு கையையும் வெளிச்சத்தில் நீட்டினேன். ஒப்பிட்டுப் பார்த்துக்கொள்ளட்டும். சிரிக்கட்டும், என் பெயரைச் சொல்லிச் சிரிக்கட்டும். அவள் பெயரில் கிடைக்கிற பாராட்டு எனக்கு வேண்டாம். அவள் பெயரில் போகிற அவமானத்தைக்கூட என்னால் விட்டுக்கொடுக்க முடியவில்லை, என்ன செய்வது, நான் அப்படிப்பட்டவள்.

வெளியே வந்தபோது எல்லோரும் என்னைத்தான் சூழ்ந்துகொண்டார்கள். கையைப் பிடித்துப் பார்த்தார்கள், கேலி செய்தார்கள், அந்தக் கழுத்தை எப்படி அவ்வளவு மெல்லிசாக இழுத்தாய் என்று கேட்டார்கள். ஒதீலியாவின் முகத்தைப் பற்றி ஒருவரும் ஒரு சொல் பேசவில்லை. அந்த மாட்டுவண்டிச் சக்கரம் அளவு முகத்தை ஊர் அரைமணியில் மறந்துவிட்டது.

ஆண்பிள்ளைகள் மெஸ்கால் குடிக்கப் போய்விட்டார்கள். நாங்கள் இரண்டு பேரும்தான் வீட்டுக்கு நடந்தோம். ஒன்பது பத்து வருஷத்தில் அவள் அப்படி வாயை மூடிக்கொண்டு நடந்து நான் பார்த்ததில்லை. முற்றத்துக் கதவு வந்ததும் நின்றாள். தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு பேசினாள்.

“எல்லாரும் ஒரு தடவை நம்பினாங்கக்கா. நான் நல்லா கழுத்து வைக்கிறேன்னு, ஒரு நிமிஷம் நம்பினாங்க. அந்த ஒரு கழுத்தையாச்சும் எனக்கு விட்டிருக்கலாம்.”

நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வை எனக்குத் தெரியும். கண்ணாடியில் தினமும் பார்த்த பார்வை.

“தினம் தினம் உங்ககிட்ட வந்து நிக்கறேனே, எனக்கு எப்படி இருக்கும்னு நீங்க நெனச்சதே இல்ல” என்று சொல்லிவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

என் வீட்டுக்குள் போய் அடுப்பைப் பற்றவைத்தேன். ஒதீலியாவுக்கு என்மேல் பொறாமை. உப்பிய ரொட்டி, சிரித்த முகம், எல்லாம் இருந்தவளுக்கு என்மேல். சிரிப்பு வந்தது, நன்றாகவே சிரித்தேன், பொல்லாதவள் என்று நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள். சட்டி சூடேறிய பிறகுதான் அழுகை வந்தது. மறுநாள் அவள் குடங்களோடு வருவாள் என்று சாயங்காலம்வரை தோல்துண்டை நனைத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். வரவில்லை. அதற்குப் பிறகு நாற்பது வருஷம் ஒரே முற்றத்தில் இருந்தோம், நல்லது கெட்டதுக்கெல்லாம் பேசிக்கொண்டோம், அவள் கண்ணை நான்தான் மூடிவிட்டேன். ஆனால் கழுத்து வைத்துக் கொடு என்று அவள் கேட்கவேயில்லை. சாகிறவரைக்கும் கழுத்தில்லாத சட்டிதான் செய்தாள்.